சிறகுச் சின்னமும் பதவி ஏணியும்: விமானந்தாங்கிக் கப்பல்களின் எழுச்சி குறித்து ஒரு மறுபார்வை

1. மட்டக்களப்புக் கடலில்

1942 ஏப்ரல் 9, காலை. ஜப்பானியர் திருகோணமலையைத் தாக்க வருகிறார்கள் என்று முன்கூட்டியே தெரிந்துவிட்டதால், பிரிட்டிஷ் கப்பல் 'ஹெர்மீஸ்' இரவோடு இரவாகத் துறைமுகத்தைவிட்டு வெளியேறி, கரையோரமாகத் தெற்கே போயிருந்தது. ஏரா போட்ட நாள்முதலே விமானந்தாங்கியாகத் திட்டமிடப்பட்ட உலகின் முதல் கப்பல் அது. அன்று அதன் தளத்தில் ஒரு விமானம்கூட இல்லை. அதற்குரிய ஸ்வார்ட்ஃபிஷ் விமானங்கள் கரையிலேயே நின்றுவிட்டன.

ஜப்பானிய விமானங்கள் செங்குத்தாகப் பாய்ந்து குண்டுகளைப் போட்டன. அரை மணி நேரத்துக்குள் எல்லாம் முடிந்தது. கேப்டன் ஆன்ஸ்லோ உட்பட 300க்கும் மேற்பட்டோர் இறந்தனர். கரையிலிருந்து உதவிக்குப் பறந்த ஃபுல்மார் போர் விமானங்கள் வந்து சேர்ந்தபோது கப்பல் கடலுக்கடியில் இருந்தது. தப்பியவர்களை 'வீட்டா' என்ற மருத்துவக் கப்பல் அள்ளிச் சென்றது. மட்டக்களப்புக்கு அப்பால், 50 மீட்டருக்கும் அதிகமான ஆழத்தில் 'ஹெர்மீஸ்' இன்றும் கிடக்கிறது.

விமானந்தாங்கியைக் கண்டுபிடித்த நாட்டின் கப்பலை மூழ்கடித்தவர்கள், 20 ஆண்டுகளுக்கு முன் அந்நாட்டிடமே அந்தக் கலையைக் கற்றவர்கள். 1921இல் செம்பில் தலைமையிலான பிரிட்டிஷ் குழு கசுமிகௌராவுக்குச் சென்று ஜப்பானியக் கடற்படையினருக்குப் பறக்கச் சொல்லிக்கொடுத்தது. 1923 பிப்ரவரியில் 'ஹோஷோ' கப்பலின் தளத்தில் முதன்முதலாக இறங்கிக் காட்டியவரும் வில்லியம் ஜோர்டன் என்ற பிரிட்டிஷ்காரர்தான். முன்னால் போனவர்கள் எப்படிப் பின்தங்கினார்கள்? பின்னால் வந்த அமெரிக்காவும் ஜப்பானும் எப்படி முந்தின? முந்திய இருவரில் ஜப்பான் ஏன் நிலைக்கவில்லை?

வழக்கமான விடைகள் கப்பலைப் பற்றியவை, விமானத்தைப் பற்றியவை, தொழிற்சாலைகளைப் பற்றியவை. இக்கட்டுரை வேறொரு பக்கத்திலிருந்து பார்க்கிறது: பறக்கக் கற்ற ஒரு கடற்படை அதிகாரிக்கு அவருடைய கடற்படை என்ன எதிர்காலத்தை வைத்திருந்தது? அவர் கேப்டன் ஆக முடியுமா, அட்மிரல் ஆக முடியுமா? பதவி உயர்வுப் பட்டியல்கள் கடற்போரின் போக்கை எந்த அளவுக்குத் தீர்மானித்தன?

2. இதுவரை சொல்லப்பட்டவை

இந்தக் கேள்வியை மையமாக்கியவர்களில் முக்கியமானவர் ஸ்டீபன் ரோசன். 1991இல் வெளிவந்த 'வின்னிங் த நெக்ஸ்ட் வார்' நூலில் அவர் சொன்னது இது: அமைதிக் காலத்தில் ஒரு படை தன்னை மாற்றிக்கொள்ள வேண்டுமென்றால், மரியாதைக்குரிய மூத்த அதிகாரிகள் உள்ளிருந்தே இளையவர்களுக்குப் புதிய பதவி வழியொன்றைத் திறந்துவிட வேண்டும், அந்த வழியில் ஏறி வருபவர்கள் முடிவெடுக்கும் இடத்துக்கு வர ஏறத்தாழ ஒரு தலைமுறை ஆகும். பாரி போசன் 1984இல் முன்வைத்திருந்த கருத்து இதற்கு நேர் எதிரானது. படைகள் தாமாக மாறுவதில்லை, வெளியிலிருக்கும் அரசியல் தலைமை தலையிட்டால்தான் மாறும் என்பது அவர் வாதம்.

தொழில்நுட்பமே எல்லாவற்றையும் தீர்மானித்தது என்ற மூன்றாவது பார்வையும் உண்டு. ஆனால் அதற்கு பிரிட்டனே மறுப்பாக நிற்கிறது. 1917 ஆகஸ்ட் 2இல் ஓடும் கப்பலொன்றின்மீது முதன்முதலாக விமானத்தை இறக்கியவர் பிரிட்டனின் டன்னிங். ஐந்து நாள் கழித்து மறுபடியும் முயன்றபோது கடலில் விழுந்து இறந்தார். முழு நீளத் தட்டைத் தளம் கொண்ட முதல் கப்பல் 'ஆர்கஸ்' 1918இல் வந்தது. அதுவும் பிரிட்டனுடையதே. கோணத் தளம், நீராவி உந்துகருவி, இறங்கும் விமானிக்கு வழிகாட்டும் கண்ணாடி என்று இரண்டாம் உலகப் போருக்குப் பின் வந்த மூன்று பெரிய மாற்றங்களும் அங்கேதான் பிறந்தன. கண்டுபிடிக்கும் மூளைக்கு அந்நாட்டில் பஞ்சம் இருந்ததில்லை.

3. பிரிட்டன்: ஒரே நாளில் வெட்டப்பட்ட ஏணி

1918 ஏப்ரல் 1இல் பிரிட்டிஷ் கடற்படையின் விமானப் பிரிவும் தரைப்படையின் விமானப் பிரிவும் இணைக்கப்பட்டு ராயல் ஏர் ஃபோர்ஸ் உருவானது. சுமார் 55,000 பேரும் ஏறக்குறைய 3,000 விமானங்களும் ஒரே நாளில் கடற்படையின் கையைவிட்டுப் போயின. விமானங்களைத் திரும்பக் கட்டிவிடலாம். போன மனிதர்களின் கதைதான் வேறு.

ஆர்தர் லாங்மோரை எடுத்துக்கொள்ளலாம். 1911இல் பறக்கக் கற்ற முதல் நான்கு பிரிட்டிஷ் கடற்படை அதிகாரிகளில் ஒருவர். 1914 ஜூலையில், பிரிட்டனில் முதன்முதலாக விமானத்திலிருந்து டார்பிடோவைப் போட்டுக் காட்டியவர். கடற்படையிலேயே இருந்திருந்தால் 1940இல் விமானந்தாங்கி அணியொன்றுக்கு அவர் தலைமை தாங்கியிருக்கலாம். நடந்ததோ வேறு: 1940இல் அவர் ராயல் ஏர் ஃபோர்ஸின் ஏர் சீஃப் மார்ஷலாக, கெய்ரோவிலிருந்து மத்தியக் கிழக்கு விமானப் படைக்குத் தலைமை தாங்கிக்கொண்டிருந்தார். 1912இல் 'ஆஃப்ரிக்கா' கப்பலிலிருந்து விமானம் ஏற்றிய சாம்சனும் அதே பாதையில் போய்விட்டார்.

1924இல் ஒரு சமரசம் ஏற்பட்டது. கப்பல் விமானப் பிரிவின் விமானிகளில் 70 சதவீதம் பேர் கடற்படை அதிகாரிகளாக இருப்பார்கள். ஆனால் அவர்கள் ராயல் ஏர் ஃபோர்ஸ் பதவிப் பெயரையும் சேர்த்துச் சுமப்பார்கள். ஒரே மனிதருக்கு இரண்டு பதவி, இரண்டு எசமானர்கள். பறக்கப் போன இளம் அதிகாரி, பீரங்கியிலோ டார்பிடோவிலோ தேர்ச்சிபெற்ற தன் வகுப்புத் தோழனைவிடப் பின்தங்கிவிடுவோமோ என்று அஞ்ச எல்லாக் காரணமும் இருந்தது. இந்த ஏற்பாடு ஒழிந்து, விமானப் பிரிவு முழுமையாகக் கடற்படையிடம் திரும்பியது 1939 மே மாதத்தில். போர் தொடங்க மூன்றரை மாதமே இருந்தது.

விளைவை அளக்க 'குளோரியஸ்' கப்பலின் முடிவு அடிக்கடி எடுத்துக்காட்டப்படுகிறது. 1940 ஜூன் தொடக்கத்தில் நார்வேயிலிருந்து பின்வாங்கும்போது, தளத்தில் இறங்குவதற்கான கொக்கி இல்லாத ஹரிக்கேன் விமானங்களை, கப்பலில் ஒருமுறைகூட இறங்கியிராத விமானிகள், வால்பகுதியில் மணல்மூட்டை கட்டி அதன்மீது பத்திரமாக இறக்கினார்கள். சாகசம்தான். ஆனால் ஜூன் 8 மாலை, 'ஷார்ன்ஹோர்ஸ்ட்', 'க்னைசெனாவ்' என்ற இரு ஜெர்மன் கப்பல்கள் தொடுவானில் தெரிந்தபோது, 'குளோரியஸ்' தன் சொந்த விமானம் ஒன்றைக்கூட வானில் நிறுத்தியிருக்கவில்லை. துணைக்கு வந்த இரு நாசகாரிக் கப்பல்களையும் சேர்த்து 1,500க்கும் மேற்பட்டோர் மாண்டனர். கேப்டன் டாய்லி ஹ்யூஸ் நீர்மூழ்கிக் கப்பல் வீரராக முதல் உலகப் போரில் பெரும் பெயர் எடுத்தவர். கப்பலின் விமானப் பிரிவுத் தலைவரோடு அவருக்கு மோதல் ஏற்பட்டு, அந்தத் தலைவர் இராணுவ நீதிமன்ற விசாரணைக்காகக் கரையில் இறக்கிவிடப்பட்டிருந்தார்.

இந்த ஒரு நிகழ்ச்சியைக் கொண்டு ஒரு கடற்படையையே எடைபோட முடியாது. கேப்டனின் குணம் காரணமா, அமைப்பு காரணமா என்று பிரித்துச் சொல்வது கடினம். அதே ஆண்டு நவம்பர் 11 இரவு, 'இல்லஸ்ட்ரியஸ்' கப்பலிலிருந்து புறப்பட்ட 21 ஸ்வார்ட்ஃபிஷ் விமானங்கள் டாரன்டோ துறைமுகத்தில் மூன்று இத்தாலியப் பெரும்போர்க்கப்பல்களை முடக்கின. இழப்பு இரண்டே விமானங்கள். அத்திட்டத்தின் முன்வரைவை 1938இல் தீட்டியவர் அப்போது 'குளோரியஸ்' கேப்டனாக இருந்த லிஸ்டர். அவரும் விமானி அல்லர். ஆக, பறக்கத் தெரியாதவரால் விமானந்தாங்கியைக் கையாள முடியாது என்ற வாதம் நிற்காது. பிரிட்டனில் பறக்கத் தெரிந்த அட்மிரல்கள் ஏறக்குறைய இல்லாமற்போனதால், ஒரு லிஸ்டர் வாய்ப்பதும் ஒரு டாய்லி ஹ்யூஸ் வாய்ப்பதும் தற்செயலாகிவிட்டது என்பதே சான்றுகளிலிருந்து பெறக்கூடிய முடிவு.

4. அமெரிக்கா: ஒரு சட்டமும் அதன் இடுக்கும்

அமெரிக்காவின் தொடக்கம் எளியது. 1911 ஜனவரி 18இல் யூஜீன் ஈலி என்ற விமானி, சான் ஃபிரான்சிஸ்கோ விரிகுடாவில் நின்ற 'பென்சில்வேனியா' கப்பலின்மீது போடப்பட்ட மரத்தளத்தில் இறங்கினார். தளத்தின் குறுக்கே கயிறுகள்; ஒவ்வொன்றின் இரு முனைகளிலும் மணல்மூட்டைகள். விமானத்தின் கொக்கிகள் கயிறுகளைப் பற்ற, மூட்டைகள் இழுபட, விமானம் நின்றது. ஈலிக்கு நீச்சல் தெரியாது. மிதப்பதற்காக சைக்கிள் டியூபை உடம்பில் சுற்றிக்கொண்டிருந்தார். அவர் கடற்படையைச் சேர்ந்தவரும் அல்லர். அதே ஆண்டு அக்டோபரில் ஒரு விமானக் காட்சியில் விழுந்து இறந்தார்.

அவருக்குப் பின் வந்த கடற்படை விமானிகளுக்கு வரிசை எண் தரப்பட்டது. முதல் எண் எல்லிசனுடையது, இரண்டு ராட்ஜர்ஸ், மூன்று ஜான் டவர்ஸ். முதலிருவரும் விமான விபத்துகளில் இறந்தனர். டவர்ஸும் 1913இல் அதே முடிவை மயிரிழையில் தவிர்த்தார். காற்று உலுக்கியதில் கூட வந்த பில்லிங்ஸ்லி இருக்கையிலிருந்து தூக்கியெறியப்பட்டு விழுந்து மாண்டார். டவர்ஸ் விமானத்தின் கட்டையொன்றைக் கட்டிப்பிடித்தபடியே கடலில் வந்து விழுந்து பிழைத்தார். இருக்கைக்கு வார் பூட்டும் வழக்கம் அதன்பின் வந்தது.

இத்தகையவர்கள் எப்போது கேப்டன் ஆவது, எப்போது அட்மிரல் ஆவது? இந்தக் கேள்விக்கு விடை தேடியவர் வில்லியம் மோஃபெட். பெரும்போர்க்கப்பலொன்றின் கேப்டனாக இருந்த அவர் 1921இல் புதிதாகத் தொடங்கப்பட்ட கடற்படை விமானத் துறையின் முதல் தலைவரானார். அதே கோடையில் தரைப்படை விமானப் பிரிவைச் சேர்ந்த பில்லி மிட்செலின் குண்டுவீச்சு விமானங்கள் 'ஓஸ்ட்ஃப்ரீஸ்லாண்ட்' என்ற பழைய ஜெர்மன் கப்பலை மூழ்கடித்துக் காட்டின. பிரிட்டனைப் போலத் தனி விமானப் படை வேண்டும் என்று மிட்செல் முழங்கினார். மோஃபெட் அந்தக் கூச்சலை நயமாகப் பயன்படுத்திக்கொண்டார்: விமானிகளைக் கடற்படைக்குள் மரியாதையாக வைத்துக்கொள்ளாவிட்டால் மிட்செல் கொண்டுபோய்விடுவார் என்ற அச்சம், பழைய அட்மிரல்களிடம் காரியம் சாதிக்க உதவியது.

1925இல் மாரோ தலைமையிலான குழு விமானப் படைகளின் எதிர்காலம் குறித்து விசாரணை நடத்தியது. அதைத் தொடர்ந்து 1926 ஜூன் 24இல் நாடாளுமன்றம் சட்டம் இயற்றியது. ஐந்தாண்டில் 1,000 விமானங்கள் என்ற பகுதியே அதில் பலராலும் பேசப்படுவது. ஆனால் நெடுங்கால விளைவு வேறொரு விதியிலிருந்து வந்தது: கடற்படை விமான நிலையங்களுக்கும் பறக்கும் படைப்பிரிவுகளுக்கும் விமானிகளே தலைமை தாங்க வேண்டும், விமானந்தாங்கிக் கப்பல்களுக்கு விமானியோ, 'விமான நோக்கர்' தகுதி பெற்றவரோதான் கேப்டனாக முடியும்.

அந்த 'நோக்கர்' என்ற சொல்தான் இடுக்கு. பறக்காமலேயே, பறப்பது குறித்த படிப்பை முடித்தவர் நோக்கர். மோஃபெட்டே 1922இல், 52 வயதில், கடற்படையின் விமானப் பயிற்சி நிலையமான பென்சகோலாவில் அந்தத் தகுதியைப் பெற்றவர்தான்.

அந்த வழியில் வந்த இன்னொருவர் ஜோசப் ரீவ்ஸ். அவரும் 52 வயதில் நோக்கரானவர். 1925 இறுதியில் 'லாங்லி' கப்பலில் வந்து சேர்ந்தார். நிலக்கரிக் கப்பலை மாற்றிச் செய்யப்பட்ட 'லாங்லி'யில் அப்போது விமானங்கள் ஏறுவதும் இறங்குவதும் கோயில் தேர் நகர்வதுபோல நடந்தன. ஒரு விமானம் இறங்கியதும் அதை மின்தூக்கியில் கீழே கொண்டுபோன பிறகே அடுத்தது இறங்கும். ரீவ்ஸ் விமானிகளைக் கூட்டி, விடை தெரியாத கேள்விகளைச் சரமாரியாக அடுக்கினார். பிறகு விடைகளைத் தளத்திலேயே தேட வைத்தார். தளத்தின் குறுக்கே ஒரு தடுப்பு கட்டப்பட்டது. இறங்கிய விமானம் தடுப்புக்கு முன்னால் தள்ளப்படும், தடுப்பு எழும்பும், பின்னால் அடுத்தது இறங்கும். கீழே கொண்டுபோகும் வேலை கடைசியில். தளப் பணியாளர்கள் வேலைக்கேற்ற நிறச் சட்டை அணிந்தார்கள். சுமார் 14 விமானங்களோடு திணறிய கப்பல், சில ஆண்டுகளில் 42 விமானங்களைக் கையாண்டது. கப்பல் அதேதான், தளத்தின் நீளமும் அதேதான்.

1929 ஜனவரியில் நடந்த கடற்படைப் பயிற்சியில் ரீவ்ஸ் 'சாரடோகா' என்ற புதிய விமானந்தாங்கியைத் தனியே விரட்டிச் சென்று, விடியுமுன் சுமார் 70 விமானங்களை ஏவி, பனாமாக் கால்வாயை 'அழித்தார்'. அதே பயிற்சியில் 'சாரடோகா'வும் எதிரிக் கப்பல்களிடம் சிக்கி மூழ்கியதாக நடுவர்கள் தீர்ப்பளித்தார்கள் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். பழைமைவாதிகள் அந்தப் பயிற்சியிலிருந்து எடுத்துக்கொண்ட பாடம் இரண்டாவது. அவர்களை மூடர்கள் என்று ஒதுக்குவது நியாயமாகாது.

5. பந்திக்கு முந்தியவர்கள்

1927 இறுதியில் 33,000 டன் எடையுள்ள 'சாரடோகா', 'லெக்சிங்டன்' ஆகியவை சேவைக்கு வந்தபோது சட்டம் ஒரு நெருக்கடியை உண்டாக்கியது. இவ்வளவு பெரிய கப்பலுக்குக் கேப்டன் பதவியிலுள்ளவர் வேண்டும். முன்னோடி விமானிகளில் பெரும்பாலோர் இன்னும் கமாண்டர் நிலையிலும் அதற்குக் கீழும் இருந்தார்கள். சட்டப்படி தகுதியுள்ளவரிடம் பதவி இல்லை. பதவி உள்ளவரிடம் தகுதி இல்லை.

கடற்படை கண்ட வழி, மூத்த கேப்டன்களைப் பறக்க அனுப்புவது. எர்னஸ்ட் கிங் 1927இல் 48 வயதில், விமானித் தகுதிக்கு அடையாளமான சிறகுச் சின்னத்தைப் பெற்றார். 1930இல் 'லெக்சிங்டன்' கேப்டன். வில்லியம் ஹால்சி 1935இல் 52 வயதில் பெற்றார். அவருக்கு நோக்கர் தகுதியே போதுமானதாக இருந்தது. பென்சகோலா போனவர் விமானியாகவே ஆகிவிடுவதென்று இறங்கினார். அடுத்த ஆண்டு மக்கெய்ன், அவருக்கும் வயது 52.

முன்னோடிகளுக்கு எரிச்சல் வந்ததில் வியப்பில்லை. துணியும் கம்பியுமான பெட்டிகளில் உயிரைப் பணயம் வைத்தவர்கள் தாங்கள். சாப்பாடு தயாரானதும் வந்து உட்கார்ந்தவர்கள் இவர்கள். பந்திக்கு முந்து, படைக்குப் பிந்து என்ற நம்மூர்ப் பழமொழியை டவர்ஸ் கேட்டிருந்தால் மகிழ்ந்திருப்பார்.

ரோசன் சொன்ன 'ஒரு தலைமுறை'க் கணக்குக்கு இங்கேதான் ஒரு திருத்தம் தேவைப்படுகிறது. டவர்ஸ் 1939இல்தான் ரியர் அட்மிரல் ஆனார். 1916இல் 33ஆம் எண் விமானியான மார்க் மிட்ஷர், 1928இல் 'சாரடோகா'வில் முதன்முதலாக இறங்கியவர், 1941இல்தான் 'ஹார்னெட்' என்ற தன் முதல் பெரிய கப்பலுக்குக் கேப்டன் ஆனார். இயல்பாக ஏறிவந்த விமானிகளை மட்டும் நம்பியிருந்தால், போர் தொடங்கியபோது உச்சியில் விமான அனுபவமுள்ளவர் மிகச் சிலரே இருந்திருப்பர். 1942 பிப்ரவரியில் மார்ஷல் தீவுகளைத் தாக்கிய விமானந்தாங்கி அணியின் தலைவர் ஹால்சி; மார்ச் மாதத்தில் கடற்படைத் தளபதியானவர் கிங். பந்திக்கு முந்தியதாகப் பழிக்கப்பட்டவர்களே அந்த இடைவெளியை அடைத்தார்கள்.

இன்னொன்றும் உண்டு. பழைய கடற்படையின் மரியாதை இவர்களோடு சேர்ந்தே வந்தது. பீரங்கிக் கப்பல்களில் இருபது ஆண்டு கழித்தவர் விமானத்துக்காகப் பேசும்போது, எதிரில் இருப்பவர் அதை இளைஞர்களின் பித்து என்று தள்ளிவிட முடியாது. போசன் சொன்ன அரசியல் தலையீடும் இங்கே பொய்யாகிவிடவில்லை. சட்டம் நாடாளுமன்றத்தில்தான் பிறந்தது. ஆனால் அதை எழுதவைத்ததும், அதன் இடுக்குகளில் ஆட்களை நிரப்பியதும் கடற்படைக்குள் இருந்தவர்கள். இரு கோட்பாடுகளும் ஒரே கதையின் இரு பாதிகளைப் பிடித்துக்கொண்டிருக்கின்றன.

6. ஜப்பான்: உச்சத்தில் குறுகிய கோபுரம்

ஜப்பானியக் கடற்படை விமானிகளில் பெரும்பாலோர் அதிகாரிகள் அல்லர்; சாதாரணக் கடற்படை வீரர்களிலிருந்தும், 1930இல் தொடங்கிய சிறுவர் பயிற்சித் திட்டத்திலிருந்தும் வடிகட்டி எடுக்கப்பட்டவர்கள். வடிகட்டல் கடுமை. சாகா மாவட்ட விவசாயக் குடும்பத்தில் பிறந்த சகாய் சபுரோ 1933இல் கடற்படையில் சேர்ந்து, 1937இல் தன் விமானி வகுப்பில் முதலாவதாகத் தேறி, பேரரசரின் வெள்ளிக் கடிகாரத்தைப் பரிசாகப் பெற்றார். ஆனாலும் அவர் அதிகாரி ஆனது 1944இல்தான். வானில் யார் சிறந்தவர் என்பதும் கப்பலில் யார் மேலானவர் என்பதும் இரு வேறு பட்டியல்கள்.

மேல் பட்டியலில் நிலைமை கலவையானது. யமாமோட்டோ விமானி அல்லர். ஆனால் 1924 முதல் கசுமிகௌராவில் பணியாற்றி, 'அகாகி'யின் கேப்டனாகவும் இருந்து, விமானத்தின் ஆற்றலை முழுதாக உணர்ந்தவர். அவருக்குக் கீழே 1941 ஏப்ரலில் முதலாம் விமானக் கடற்படை அமைந்தபோது, அதன் தலைமை மூப்பு வரிசைப்படி நகுமோ சுயிச்சிக்குப் போனது. நகுமோ டார்பிடோ நிபுணர். பேர்ல் ஹார்பரைத் தாக்க ஆறு விமானந்தாங்கிகளை ஒன்றாகச் செலுத்தியது அன்று உலகில் வேறெந்தக் கடற்படையாலும் முடியாத காரியம். அதன் நுணுக்கத் திட்டத்தைத் தீட்டியவர் கெண்டா மினோரு, வானில் தலைமை தாங்கியவர் ஃபுச்சிடா மிட்சுவோ, இருவரும் விமானிகள்.

சிக்கல் அடித்தளத்தில் இருந்தது. 1942 ஜூனில் மிட்வே கடற்போரில் 'அகாகி', 'காகா', 'சோரியூ', 'ஹிரியூ' ஆகிய நான்கு கப்பல்களோடு ஜப்பானின் தேர்ந்த விமானிகளும் அழிந்துபோனார்கள் என்பது நெடுநாளாக நிலவிய கருத்து. ஜொனாதன் பார்ஷல், ஆன்டனி டல்லி இருவரும் 2005இல் வெளியிட்ட 'ஷேட்டர்டு ஸ்வார்டு' நூல், ஜப்பானிய ஆவணங்களைக் கொண்டு இதைத் திருத்தியது. மிட்வேயில் இறந்த விமானக் குழுவினர் சுமார் 110 பேர். பெரும் இரத்தப்போக்கு அதன் பிறகே: குவாடல்கனால் சண்டைகளிலும், அக்டோபரில் சான்டா குரூஸ் போரிலும். சான்டா குரூஸில் ஜப்பான் வென்றதாகவே கணக்கு. ஆனால் ஒரே நாளில் இழந்த விமானக் குழுவினர் மிட்வேயைவிட அதிகம்.

இந்தத் திருத்தம் பதவி வாழ்க்கை பற்றிய கேள்வியைக் கூர்மையாக்குகிறது. ஒரு சண்டை ஜப்பானைச் சாய்த்திருந்தால் அது விதி. மெல்ல மெல்ல வடிந்ததென்றால் அது அமைப்பின் கோளாறு. ஜப்பானிய விமானி சாகும்வரையோ முடங்கும்வரையோ முன்னணியிலேயே இருந்தார். ஜப்பானியத் தளமான ரபாலிலிருந்து குவாடல்கனாலுக்குப் போவதே 1,000 கிலோமீட்டர். சகாயே 1942 ஆகஸ்டில் தலையில் குண்டடிபட்டு, ஒரு கண் பார்வையற்று, நான்கு மணி நேரத்துக்கும் மேல் பறந்து திரும்பினார். அமெரிக்காவில் நேர்மாறு. இரு விமானங்கள் பின்னலாகப் பறந்து ஒன்றையொன்று காக்கும் உத்தியை வகுத்த ஜான் தாச், மிட்வேக்குப் பின் பயிற்சிப் பணிக்குத் திருப்பி அழைக்கப்பட்டார். அனுபவசாலியின் அடுத்த படி ஆசிரியப் பணி என்பது அங்கே வழக்கமாயிற்று.

மிச்சிகன் ஏரியில் 'சேபிள்', 'உல்வரின்' என்று இரண்டு பழைய உல்லாசக் கப்பல்கள் இருந்தன. நிலக்கரியில் ஓடுபவை, பக்கவாட்டில் துடுப்புச் சக்கரம் உடையவை. அவற்றின்மேல் தட்டைத் தளம் போட்டு, புதிய விமானிகளை இறங்கப் பழக்கினார்கள். நீர்மூழ்கிகளின் பயமில்லாத நன்னீர் ஏரி. போர் முடிவதற்குள் 17,000க்கும் மேற்பட்ட விமானிகள் அங்கே தேறினார்கள். 19 வயது நிறையுமுன் சிறகுச் சின்னம் பெற்ற ஜார்ஜ் புஷ்ஷும் அவர்களில் ஒருவர். பின்னாளில் அமெரிக்க அதிபரானார்.

7. எதிர்ச்சான்று: ஸ்ப்ரூயன்ஸ்

பதவி ஏணியே எல்லாம் என்று முடிக்க நினைப்பவரை ரேமண்ட் ஸ்ப்ரூயன்ஸ் நிறுத்திவிடுகிறார். அவருக்குச் சிறகுச் சின்னம் கிடையாது. மிட்வேக்கு முன் ஹால்சி தோல் நோயால் மருத்துவமனையில் படுத்துவிட, அவர் பரிந்துரைத்த பெயர் ஸ்ப்ரூயன்ஸ். ஹால்சியின் விமானப் பணிக்குழுவை அப்படியே பெற்றுக்கொண்டு, அவர் வென்றார். எதிர்ப்பக்கம் நகுமோவும் விமானியல்லர். அவரிடமும் கெண்டா போன்ற சிறந்த பணிக்குழு இருந்தது. எனவே 'நல்ல ஆலோசகர் இருந்தால் போதும்' என்ற எளிய விளக்கமும் தேர்வில் தோற்றுவிடுகிறது.

1944 ஜூன், பிலிப்பைன் கடல். ஸ்ப்ரூயன்ஸ் ஐந்தாம் கடற்படையின் தலைவர். அவருக்குக் கீழே 15 விமானந்தாங்கிகளோடு மிட்ஷர். ஜூன் 18 இரவில், மேற்கே ஓடி விடியலில் ஜப்பானியரைத் தாக்கலாம் என்று மிட்ஷர் அனுமதி கேட்டார். சைபான் தீவில் இறங்கிய படைகளைக் காப்பதே முதல் கடமை என்று ஸ்ப்ரூயன்ஸ் மறுத்தார். மறுநாள் ஜப்பானியர் அலையலையாக வந்து, ஒரே நாளில் 200க்கும் மேற்பட்ட விமானங்களை இழந்தனர். ஆனால் மூழ்கிய மூன்று ஜப்பானிய விமானந்தாங்கிகளில் இரண்டை வீழ்த்தியவை அமெரிக்க நீர்மூழ்கிக் கப்பல்கள். விமானிகளின் கணக்கில் அது கைநழுவிய வெற்றி.

பேர்ல் ஹார்பரில் டவர்ஸ் கொதித்தார். கிளார்க் ரெனால்ட்ஸ் 1968இல் எழுதிய 'த ஃபாஸ்ட் கேரியர்ஸ்', விமானிகள் பக்கம் நின்று ஸ்ப்ரூயன்ஸைக் குறை கண்டது. தாமஸ் பியூவெல் 1974இல் எழுதிய ஸ்ப்ரூயன்ஸ் வரலாறு அவரைக் காத்தது. முடிவைத் தெரிந்துகொண்டு பார்க்கும் நமக்கு, ஜப்பானிய விமானிகளே தீர்ந்துபோயிருந்தார்கள் என்பது தெரியும். அன்றிரவு ஸ்ப்ரூயன்ஸுக்குத் தெரிந்தது, எதிரி பக்கவாட்டில் நழுவிவந்து கரையிறங்கிய படைகளைத் தாக்கக்கூடும் என்பது. அந்த நிலையில் அவர் முடிவு தவறென்று சொல்வது கடினம். ஆனால் அது விமானி எடுத்திருக்கக்கூடிய முடிவல்ல என்பதும் உண்மை.

அடுத்த நாள் மாலை, தூரம் மிஞ்சியது தெரிந்தும் மிட்ஷர் விமானங்களை ஏவினார். இருட்டில், எரிபொருள் தீர்ந்து திரும்பியவர்களுக்காக, நீர்மூழ்கி அபாயத்தையும் பொருட்படுத்தாமல் கப்பல்களின் விளக்குகளை ஏற்றச் சொன்னார். சுமார் 80 விமானங்கள் கடலிலும் தளங்களிலும் நொறுங்கின. விமானிகளில் பெரும்பாலோர் மீட்கப்பட்டனர். 1913இல் டவர்ஸ் விழுந்ததுபோல் தானும் கடலில் விழுந்தெழுந்த தலைமுறையைச் சேர்ந்தவர் மிட்ஷர். அந்த உத்தரவை அவருடைய வாழ்க்கையிலிருந்து பிரித்துப் பார்க்க முடியவில்லை.

இந்த இழுபறிக்குக் கிங் கண்ட நிர்வாகத் தீர்வு 1944 தொடக்கத்தில் வந்தது: விமானியல்லாத தலைவருக்கு விமானி ஒருவரும், விமானித் தலைவருக்குக் கப்பல்காரர் ஒருவரும் தலைமைப் பணியதிகாரியாக இருக்க வேண்டும். நாசகாரிக் கப்பல்களில் பெயரெடுத்த ஆர்லி பர்க் இப்படித்தான் மிட்ஷரிடம் வந்து சேர்ந்தார். மிட்ஷர் முதலில் அவரிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. போர் முடிவதற்குள் இருவரும் பிரிக்க முடியாதவர்களாகிவிட்டார்கள். ஸ்ப்ரூயன்ஸுக்கு விமானித் துணை கிடைத்தது அந்த ஆகஸ்டில், பிலிப்பைன் கடலுக்குப் பிறகு.

8. இந்தியப் பெருங்கடலுக்குத் திரும்புதல்

விமானி ஒருவர் கடற்படைத் தளபதியாக எத்தனை காலம் ஆயிற்று என்பதை ஓர் அளவுகோலாகக் கொள்ளலாம். அமெரிக்காவில் 1942, கிங். விமானந்தாங்கியைக் கண்டுபிடித்த பிரிட்டனில் 1960, கேஸ்பர் ஜான். இடையிலுள்ள 18 ஆண்டுகள் பெரிதும் 1918 ஏப்ரல் 1இன் கடன்.

இந்தியா இந்த வரலாற்றில் 1961இல் நுழைந்தது. அவ்வாண்டு 'விக்ராந்த்' சேவைக்கு வந்தது. அதன் விமானங்களுக்கான கடற்படை நிலையம் 'ஹன்சா' முதலில் அமைந்தது கோயம்புத்தூரை அடுத்த சூலூரில். பிறகே கோவாவின் டபோலிமுக்கு மாறியது. நடுவயதுக் கேப்டன்களுக்குச் சிறகுச் சின்னம் தரும் குறுக்குவழியை இந்தியா நாடவில்லை. பிரிட்டனுக்கு அனுப்பிப் பயிற்றுவித்த இளம் அதிகாரிகளை வளரவிட்டது. 'விக்ராந்த்' தளத்தில் இறங்கிய முதல் இந்தியக் கடற்படை விமானி ராதாகிருஷ்ண தஹிலியானி, 1984இல் இந்தியக் கடற்படையின் தளபதியானார். இடைவெளி 23 ஆண்டுகள். ரோசனின் 'தலைமுறை'க் கணக்கு அமெரிக்காவைவிட இந்தியாவுக்குத்தான் நன்றாகப் பொருந்துகிறது.

தஹிலியானியின் காலத்தில் இந்தியா பிரிட்டனிடமிருந்து இரண்டாவது விமானந்தாங்கி ஒன்றை வாங்கியது. 1987 மே 12இல் அது 'விராட்' ஆயிற்று. அந்தக் கப்பல் வருவதற்கு முன்பே, 1983 முதல், அதிலிருந்து பறக்கவேண்டிய சீ ஹாரியர் விமானங்களும் அவற்றின் விமானிகளும் இந்தியக் கடற்படையில் இருந்தார்கள். பிரிட்டிஷ் கடற்படையில் அந்தக் கப்பலின் பெயர் 'ஹெர்மீஸ்': மட்டக்களப்புக்கு அப்பால் மூழ்கிய கப்பலுக்குப் பின் அப்பெயரைச் சுமந்த விமானந்தாங்கி.